பேக்கன் சுற்றிய ஸ்காலப், இறால், ஆய்ஸ்டர்: வீட்டில் செய்ய முழுமையான வழிகாட்டி

அமெரிக்காவின் நியூ இங்கிலாந்துப் பக்கமோ, கனடாவின் நோவா ஸ்கோஷியா பக்கமோ ஒரு கல்யாண வரவேற்புக்குப் போனால், சாப்பாட்டுக்கு முன் தட்டில் சுற்றிவரும் ஸ்டார்ட்டர்களில் இது பெரும்பாலும் இருக்கும். வெள்ளை வெளேரென்ற ஸ்காலப் (ஒரு வகைக் கடற்சிப்பியின் சதை), அதைச் சுற்றி மொறுமொறுவென்று ஒரு பேக்கன் (பதப்படுத்திய பன்றி இறைச்சி) பட்டை, நடுவில் ஒரு பல்குச்சி. பார்க்க மிகச் சுலபமாக இருக்கும். மொத்தமே இரண்டு பொருள், சுற்றிக் குத்தி ஓவனில் வைத்தால் முடிந்தது என்று தோன்றும்.

அப்படிச் செய்தால் இரண்டில் ஒன்று நடக்கும். ஸ்காலப் சரியாக வெந்திருக்கும், பேக்கன் கொழகொழவென்று பச்சைக் கொழுப்போடு இருக்கும். அல்லது பேக்கன் மொறுமொறுப்பாக வந்திருக்கும், உள்ளே ஸ்காலப் ரப்பராகியிருக்கும். காரணம் சாதாரணமானது. பேக்கனில் உள்ள கொழுப்பு உருகி வடிந்து மொறுமொறுப்பாக, நல்ல சூட்டில்கூட 15 முதல் 20 நிமிடம் வேண்டும். 30 கிராம் எடையுள்ள ஒரு ஸ்காலப்புக்கு அதில் பாதி நேரம் போதும், இறாலுக்கு இன்னும் குறைவு. ஆகவே பேக்கனைத் தனியாகப் பாதி வேகவைத்துவிட்டுச் சுற்ற வேண்டும். இந்த ஒன்றைப் பிடித்துக்கொண்டால் மீதி எல்லாம் கைப்பழக்கம்.

பேக்கன் வாங்கும்போது

இங்கே பேக்கன் என்பது பன்றியின் வயிற்றுப் பகுதி இறைச்சி. உப்பும் நைட்ரைட்டும் சேர்த்துப் பதப்படுத்தி, பெரும்பாலும் புகையூட்டி, மெல்லிய பட்டைகளாக வெட்டியிருப்பார்கள். அமெரிக்கக் கடைகளில் பேக்கன் என்று கேட்டால் இதுதான் கிடைக்கும். பிரிட்டனில் 'ஸ்ட்ரீக்கி' என்று சொல்லிக் கேளுங்கள். அங்கே காலை உணவுக்குச் சாப்பிடும் 'பேக் பேக்கன்' முதுகுப் பகுதி இறைச்சி. அது அகலமாக, கொழுப்பு ஒரு ஓரத்தில் மட்டும் இருக்கும், சுற்றவும் வராது.

தடிமனில்தான் பலரும் ஏமாறுகிறார்கள். 'திக் கட்' என்று போட்டிருக்கும் பாக்கெட் ஏறக்குறைய 3 மில்லிமீட்டர் தடிமன், பார்க்கவும் தாராளமாகத் தெரியும். இந்த வேலைக்கு அது வேண்டாம். சாதாரண வெட்டு ஏறக்குறைய 1.5 மில்லிமீட்டர், அதையே எடுங்கள். அந்தப் பட்டை சுற்றும்போது வளையும், கொழுப்பும் சீக்கிரம் உருகும். சிவப்பும் வெள்ளையும் ஏறக்குறையச் சரிபாதியாக வரிவரியாக இருக்கும் பாக்கெட் நல்லது. மேப்பிள் சுவையூட்டிய பேக்கனைத் தவிர்த்துவிடலாம், அதிலுள்ள சர்க்கரை கடைசி நேரச் சூட்டில் கருகும். மேப்பிள் வேண்டுமென்றால் நாமே கடைசியில் தடவிக்கொள்வோம்.

பன்றி சாப்பிடாதவர்களுக்கு மாட்டிறைச்சி பேக்கன் நன்றாகவே வரும், அதிலும் கொழுப்பு இருக்கிறது. வான்கோழி பேக்கனில் கொழுப்பு மிகக் குறைவு. அதை முன்கூட்டி வேகவைக்க வேண்டாம், சுற்றியபின் மேலே எண்ணெய் தடவிவிடுங்கள். மொறுமொறுப்பில் பன்றி பேக்கனுக்கு அது ஈடாகாது, தெரிந்தே செய்யுங்கள்.

ஸ்காலப்: ஈரமா, உலர்ந்ததா

பணம் போவதும் இங்கேதான், ருசி நிற்பதும் இங்கேதான்.

ஸ்காலப் ஒரு இரட்டை ஓட்டுச் சிப்பி. நாம் சாப்பிடும் வெள்ளை உருளை, இரண்டு ஓடுகளையும் மூடித் திறக்கும் தசை. தண்ணீரை விட்டு வெளியே எடுத்தால் இது ஓட்டை இறுக்கி மூடிக்கொண்டு தாக்குப்பிடிக்காது, சீக்கிரம் செத்துவிடும். அதனால் அட்லாண்டிக்கில் ஸ்காலப் பிடிக்கும் படகுகளிலேயே ஓட்டைத் திறந்து, தசையை மட்டும் எடுத்துப் பனியில் வைத்துக் கரைக்குக் கொண்டுவருகிறார்கள். மாசசூசெட்ஸின் நியூ பெட்ஃபோர்டு துறைமுகம், பிடித்து இறக்கும் மீனின் பண மதிப்பில் அமெரிக்காவில் பல வருடங்களாக முதலிடத்தில் இருப்பதற்குக் காரணமே இந்த ஸ்காலப்தான். கனடாவில் ஃபண்டி வளைகுடாவை ஒட்டிய டிக்பி என்ற சிற்றூர் இதற்குப் பேர் போனது.

கடையில் இது இரண்டு வகையாக வரும். 'ட்ரை' என்பது வேறெதுவும் சேர்க்காதது. 'வெட்' என்பது சோடியம் டிரைபாலிபாஸ்பேட் கரைசலில் ஊறவைத்தது. பாஸ்பேட், தசைக்குள் தண்ணீரைப் பிடித்துவைத்துக்கொள்ளும். எடை கூடும், பார்க்கப் பளபளப்பாக இருக்கும், கெட்டுப்போகும் வேகமும் குறையும். அடுப்பில் வைத்ததும் அந்தத் தண்ணீரெல்லாம் வெளியே வரும். பேக்கனுக்குள் சுற்றியிருந்தால் இது இரட்டைத் தொல்லை, ஏனென்றால் வெளியேறும் நீராவி பேக்கனை உள்பக்கமாக அவித்துவிடும். எவ்வளவு நேரம் வைத்தாலும் மொறுமொறுப்பு வராது.

பார்த்தே ஓரளவு கண்டுபிடிக்கலாம். உலர் ஸ்காலப் தந்த நிறத்தில் இருக்கும். சிலது இளஞ்சிவப்பாகவோ மெல்லிய ஆரஞ்சாகவோகூட இருக்கும், அது இயற்கைதான், பயப்பட வேண்டாம். தொட்டால் லேசாக ஒட்டும். எல்லாமே ஒரே மாதிரி பளீர் வெள்ளையாக, பால் போன்ற நீரில் கிடந்தால் அது பெரும்பாலும் ஊறவைத்தது. உறைந்த பாக்கெட்டில் சேர்மானப் பட்டியலைப் படியுங்கள். ஸ்காலப் என்ற ஒரு சொல்லைத் தவிர வேறெதுவும் இருக்கக் கூடாது. வீட்டுக்கு வந்தபிறகும் சந்தேகமாக இருந்தால், ஒன்றை மட்டும் காகித டவல் மேல் வைத்து மைக்ரோவேவில் 15 விநாடி வையுங்கள். டவலில் பெரிய ஈர வட்டம் விழுந்தால் அது வெட் ஸ்காலப். அப்படி ஆகிவிட்டால் அதைப் பேக்கனில் சுற்றாமல் சூப்பிலோ பாஸ்தாவிலோ போட்டுவிடுவது மேல்.

அளவு ஒரு பவுண்டுக்கு, அதாவது 454 கிராமுக்கு எத்தனை என்ற கணக்கில் எழுதியிருக்கும். 'யு-10' என்றால் ஒரு பவுண்டுக்குப் பத்துக்கும் குறைவு, ஒவ்வொன்றும் 45 கிராமுக்கு மேல். ஸ்டார்ட்டருக்கு அது மிகப் பெரிது. 10/20 என்ற அளவு, ஒவ்வொன்றும் 23 முதல் 45 கிராம், என் தேர்வு. 20/30 ஒரே வாயில் போகும், பார்க்க அழகு, ஆனால் பேக்கன் தயாராவதற்குள் உள்ளே அதிகம் வெந்துவிடும். 'பே ஸ்காலப்' என்ற குட்டி வகை இதற்கு வேண்டவே வேண்டாம்.

தேவையானவை (24 துண்டுகளுக்கு)

உலர் ஸ்காலப், 10/20 அளவு: 24, எடை ஏறக்குறைய 700 முதல் 750 கிராம்
சாதாரண வெட்டு பேக்கன்: 12 பட்டை (454 கிராம் பாக்கெட்டில் இதற்கு மேலேயே இருக்கும்)
மிளகுத்தூள்: 1 தேக்கரண்டி
மேப்பிள் சிரப்: 3 மேசைக்கரண்டி
டிஜான் கடுகு விழுது: 1 தேக்கரண்டி
சோயா சாஸ்: 1 தேக்கரண்டி
மிளகாய்த்தூள்: ஒரு சிட்டிகை
எலுமிச்சை: 2
சாயம் பூசாத மரப் பல்குச்சி: 24

உப்பு பட்டியலில் இல்லை. மறந்துபோய் விடவில்லை. கடல் உப்பு ஸ்காலப்பில் இருக்கிறது, பேக்கனிலோ வேண்டிய மட்டும் இருக்கிறது.

பாத்திரங்களில் முக்கியமானது ஓரம் உயர்ந்த ஒரு ட்ரேயும், அதற்குள் உட்காரும் கம்பி ரேக்கும். ரேக் இல்லாமல் நேராக ட்ரேயில் வைத்தால் அடிப்பக்கம் உருகிய கொழுப்பிலேயே கிடந்து ஊறும். ட்ரேக்கு அலுமினியத் தாள் விரித்துவிட்டால் கழுவும் வேலை மிச்சம்.

முன்தயாரிப்பு

உறைந்த ஸ்காலப் என்றால் முதல்நாள் இரவே ஃபிரிட்ஜுக்குள் மாற்றுங்கள். ஒரு வடிகட்டியில் போட்டு, கீழே கிண்ணம் வைத்தால் உருகும் தண்ணீர் வடிந்துவிடும். பாக்கெட்டோடு விட்டால் அந்தத் தண்ணீரிலேயே மிதக்கும். வெந்நீரில் போட்டு உருக்குவது, சமையல் மேடையில் நாள் முழுக்க விட்டுவைப்பது இரண்டும் கூடாது.

ஒவ்வொரு ஸ்காலப்பின் பக்கவாட்டிலும் சின்னதாக ஒரு சதைத் துண்டு ஒட்டியிருக்கும். விரலால் தடவினால் தெரியும், மற்ற சதையைவிடக் கெட்டியாக, இழை வேறு திசையில் ஓடும். அதைக் கிள்ளி எடுத்துவிடுங்கள். வெந்தபின் அது மெல்ல முடியாமல் போகும். சிலதில் படகிலேயே எடுத்திருப்பார்கள், காணவில்லை என்றால் தேட வேண்டாம். மணல் இருந்தால் குளிர்ந்த நீரில் ஒரு முறை அலசலாம், ஊறவிடக் கூடாது.

பிறகு காகித டவலில் பரப்பி, மேலும் ஒரு டவல் வைத்து ஒற்றுங்கள். அப்படியே மூடாமல் ஃபிரிட்ஜில் 15, 20 நிமிடம் வைத்தால் மேல்பரப்பு இன்னும் காயும். ஓவனுக்குப் போகும் வரை ஸ்காலப் குளிர்ந்தே இருக்கட்டும். குளிர்ந்த ஸ்காலப் வேக நேரம் எடுக்கும், அந்த நேரம் பேக்கனுக்குக் கிடைக்கும்.

பல்குச்சிகளை 30 நிமிடம் தண்ணீரில் ஊறவையுங்கள், இல்லாவிட்டால் நுனி கருகும். பிளாஸ்டிக் சுருள் வைத்த அலங்காரக் குச்சிகள் ஓவனுக்கு ஆகாது.

பேக்கனைப் பாதி வேகவைத்தல்

ஓவனை 200 டிகிரி செல்சியஸுக்குச் சூடாக்குங்கள். பேக்கன் பட்டைகளை ஒன்றன்மேல் ஒன்று படாமல் ட்ரேயில் பரப்பி உள்ளே வையுங்கள். 6 நிமிடத்தில் ஒரு முறை எட்டிப்பாருங்கள். பொதுவாக 8 முதல் 10 நிமிடத்தில் தயாராகும்.

எப்போது எடுப்பது என்பதை நேரத்தைவிடக் கண்தான் சொல்லும். வெள்ளைக் கொழுப்பு கண்ணாடி போல ஒளி ஊடுருவத் தொடங்கியிருக்கும், ட்ரேயில் கொழுப்பு தேங்கியிருக்கும், ஓரங்கள் லேசாக நெளியும். ஆனால் இடுக்கியால் தூக்கினால் பட்டை துவண்டு தொங்க வேண்டும். விறைப்பாக நின்றால் தாண்டிவிட்டது, சுற்றும்போது முறியும். அப்படி ஒன்றிரண்டு ஆனால் சமையல்காரருக்கான பங்கு என்று வைத்துக்கொள்ளுங்கள்.

அவசரமென்றால் மைக்ரோவேவும் உதவும். தட்டில் காகித டவல், அதன்மேல் நான்கு பட்டை, மேலே இன்னொரு டவல், ஒன்றரை நிமிடத்தில் ஆரம்பித்துப் பாருங்கள்.

எடுத்த பேக்கனைக் காகித டவலில் போட்டு ஒற்றி, கை பொறுக்கும் சூட்டுக்கு ஆறவிடுங்கள். சூடாகவே சுற்றினால் ஸ்காலப்பின் ஓரம் அப்போதே வேகத் தொடங்கும். ரொம்பவும் ஆறிப்போனாலும் கொழுப்பு உறைந்து விறைத்துவிடும். இதமான சூட்டில் இருக்கும்போதே அடுத்த வேலைக்குப் போய்விடுங்கள். அரைவேக்காட்டு இறைச்சியை ஃபிரிட்ஜில் வைத்து மறுநாள் மீண்டும் வேகவைக்கும் பழக்கம் எந்த இறைச்சிக்கும் நல்லதல்ல, இதற்கும் வேண்டாம்.

சுற்றுதல்

ஓவனை 220 டிகிரிக்கு ஏற்றுங்கள். ட்ரேயை வைக்கும் ஓவன் தட்டை மேலிருந்து இரண்டாவது இடத்தில் பொருத்துங்கள்.

பட்டைகளைக் குறுக்கே பாதியாக வெட்டுங்கள். மூன்றரை சென்டிமீட்டர் அகலமுள்ள ஸ்காலப்பின் சுற்றளவு 11 சென்டிமீட்டர். பாதிப் பட்டை அதை ஒரு முறை சுற்றி, ஒரு சென்டிமீட்டர் அளவு மேலே ஏறி நின்றால் போதும். இரண்டு சுற்று சுற்றினால் உள்சுற்று ஒருபோதும் மொறுமொறுப்பாகாது. ஸ்காலப் பெரிதாக இருந்து பட்டை எட்டவில்லை என்றால் விரலால் லேசாக இழுத்துப் பாருங்கள், பேக்கன் கொஞ்சம் நீளும்.

பட்டையின் அகலம் ஸ்காலப்பின் உயரத்தைவிடக் கூடுதலாக இருந்தால் மேலே வேலி கட்டியது போல நிற்கும். அப்போது நீளவாக்கில் மடிக்கத் தோன்றும். மடிக்காதீர்கள், மடிப்புக்குள் கொழுப்பு பச்சையாகவே நிற்கும். கத்தரிக்கோலால் நறுக்கிவிடுங்கள்.

பல்குச்சியை, பட்டையின் இரு முனைகளும் சேரும் இடத்தில் குத்தி, ஸ்காலப்பின் நடுவழியாக எதிர்ப்பக்கம் வரும்படி படுக்கைவசமாகச் செருகுங்கள். மேலிருந்து கீழாகக் குத்தினால் ரேக்கில் தட்டையாக உட்காராது, திருப்பிப் போடவும் முடியாது. ரொம்ப இறுக்கவும் வேண்டாம், இறுக்கினால் ஸ்காலப் பிதுங்கி மேலே எழும்பும்.

மேலே மிளகுத்தூள் தூவுங்கள்.

ஓவனில்

துண்டுகளுக்கு இடையே இரண்டு விரல் இடைவெளி விட்டு ரேக்கில் அடுக்குங்கள். நெருக்கி வைத்தால் நீராவி போக இடமில்லாமல் எல்லாம் அவிந்துவிடும். 24 துண்டு ஒரு ட்ரேயில் கொள்ளவில்லை என்றால் இரண்டு தடவையாகச் செய்யுங்கள்.

6 நிமிடத்தில் ஒவ்வொன்றையும் திருப்பிப் போடுங்கள். 10 நிமிடத்திலிருந்து கவனிக்கத் தொடங்குங்கள். மேப்பிள், கடுகு விழுது, சோயா, மிளகாய்த்தூள் நான்கையும் முன்பே கலந்து வைத்திருப்பீர்கள். பேக்கன் பொன்னிறத்துக்கு வந்ததும் ட்ரேயை வெளியே இழுத்து, பிரஷ்ஷால் பேக்கன் மேல் மட்டும் மெல்லிதாகத் தடவி, மேலும் 2 நிமிடம் வையுங்கள். ஆரம்பத்திலேயே தடவினால் சர்க்கரை கருகிக் கசக்கும். மொத்தம் 12 முதல் 14 நிமிடத்தில் வேலை முடியும்.

நிறம் போதவில்லை என்றால் கடைசி ஒரு நிமிடம் பிராயிலரை (ஓவனில் மேலிருந்து நேராகச் சுடும் சூடு) போடலாம். அதற்குமுன் ட்ரேயில் தேங்கிய கொழுப்பை ஜாக்கிரதையாக வடித்துவிடுங்கள், இல்லாவிட்டால் புகை மண்டும், தீப்பிடிக்கவும் கூடும். பிராயிலர் ஓடும்போது ஓவன் முன்னாலேயே நில்லுங்கள். போனை எடுத்துப் பார்த்து நிமிர்வதற்குள் கரியாகிவிடும்.

வெந்ததை எப்படி அறிவது? ஸ்காலப் கண்ணாடித்தன்மை போய், பால்வெள்ளையாக மாறியிருக்கும். விரலால் அழுத்தினால் உள்ளே போய் மீண்டும் எழும்பும். அழுத்தவே முடியாமல் கெட்டியாக இருந்தால் நேரம் கடந்துவிட்டது. வெப்பமானி இருந்தால் நடுவில் குத்திப் பாருங்கள். ஓட்டல் சமையல்காரர்கள் 52 டிகிரியை ஒட்டியே எடுத்துவிடுவார்கள், வெளியே வந்தபிறகும் சூடு ஏறும் என்பதால். அமெரிக்க அரசின் உணவுப் பாதுகாப்பு வழிகாட்டுதல் கடலுணவுக்குச் சொல்வது 63 டிகிரி. கர்ப்பிணிகள், வயதானவர்கள், நோய் எதிர்ப்பு குறைந்தவர்கள் விருந்தில் இருந்தால் 63-ஐப் பிடியுங்கள். கொஞ்சம் கெட்டியானாலும் பரவாயில்லை.

இரண்டு நிமிடம் ஆறவிட்டு எலுமிச்சை பிழிந்து பரிமாறுங்கள். ஸ்காலப்புக்குத் தொட்டுக்கொள்ள வேறெதுவும் வைப்பதில் எனக்கு உடன்பாடில்லை. அதன் இனிப்பு மிக மெல்லியது, கெட்ச்அப் கலந்த காக்டெயில் சாஸ் பக்கத்தில் வந்தால் காணாமல் போய்விடும். அத்தனை விலை கொடுத்து வாங்கியது கெட்ச்அப் ருசிக்காகவா?

ஏர் ஃபிரையரிலும் இது நன்றாக வரும். 200 டிகிரியில் 8 முதல் 10 நிமிடம், ஒரே அடுக்கு. காற்று வேகமாகச் சுற்றுவதால் சரியாகக் குத்தாத பேக்கன் முனை எழும்பி மேலிருக்கும் கம்பியில் ஒட்டிக் கருகும், குச்சியைச் சரிபாருங்கள்.

இறால்: மெக்சிகோ வளைகுடாப் பாணி

டெக்சாஸ், லூசியானா கரையோரம் போனால் ஸ்காலப்பின் இடத்தை இறால் பிடித்துக்கொள்கிறது. அங்கே உணவகங்களில் 'ஷ்ரிம்ப் புரோஷெட்' என்று கேட்டால், முதுகைக் கீறி விரித்த இறாலுக்குள் ஒரு கீற்று ஹலபேன்யோ மிளகாயும் மான்டெரி ஜாக் சீஸும் வைத்து, பேக்கன் சுற்றிச் சுட்டுத் தருவார்கள். ஸ்காலப்பைவிடச் செலவு குறைவு, நம் நாக்குக்கும் சீக்கிரம் பிடிக்கும்.

16/20 அளவு இறால் வாங்குங்கள். ஓட்டை உரித்து, முதுகில் ஓடும் கறுப்பு நரம்பை எடுத்து, வாலை மட்டும் விட்டுவையுங்கள், பிடித்துச் சாப்பிட வசதி. நரம்பு எடுக்கக் கீறிய இடத்தையே கொஞ்சம் ஆழமாக்கினால் மிளகாயும் சீஸும் வைக்க இடம் கிடைக்கும். மறுபக்கம் வரை வெட்டிவிட வேண்டாம். ஹலபேன்யோவின் விதையையும் உள்ளிருக்கும் வெள்ளைச் சதையையும் எடுத்துவிட்டால் காரம் நன்றாகக் குறையும். சீஸ் தீக்குச்சி அளவு போதும். அதிகம் வைத்தால் வெளியே வழிந்து ட்ரேயில் கருகும், உள்ளே ஒன்றும் மிஞ்சாது.

இறால் ஸ்காலப்பைவிட வேகமாக வேகும். அதனால் பேக்கனை இன்னும் இரண்டு நிமிடம் கூடுதலாக, முக்கால் பங்கு வேகவைத்து எடுங்கள். வளையும் தன்மை மட்டும் போய்விடக் கூடாது. தலைப்பக்கம் தொடங்கி வால் வரை சாய்வாகச் சுற்றிக்கொண்டே வந்து குச்சியால் குத்துங்கள். 220 டிகிரியில் 8 முதல் 10 நிமிடம். சுற்றாமல் தெரியும் இடத்தில் சதை சாம்பல் நிறம் மாறி இளஞ்சிவப்பும் வெள்ளையுமாக ஆகியிருந்தால் எடுத்துவிடலாம். தலையும் வாலும் தொட்டுக்கொள்ளும் அளவுக்குச் சுருண்டிருந்தால் அதிகமாகிவிட்டது.

இதைக் கரி அடுப்பில் சுடுவதுதான் அந்த ஊர் வழக்கம். பேக்கன் கொழுப்பு கரியில் சொட்டினால் தீ எழும்பும். கரியை ஒரு பக்கமாக ஒதுக்கி, இறாலைக் கரி இல்லாத பக்கம் வைத்து மூடி போட்டு வேகவிட்டு, கடைசியில் மட்டும் நேர்த்தீக்குக் காட்டுங்கள்.

ஸ்காலப்பையும் இறாலையும் ஒரே ட்ரேயில் வைக்கும் ஆசை வரும். இரண்டுக்கும் நேரம் வேறு, தனித்தனியாகவே வையுங்கள்.

ஆய்ஸ்டர்: பிரிட்டிஷ் பாணி

இந்த வகை உணவுகளில் பழையது இதுதான் என்று சொல்லலாம். விக்டோரியா காலத்து இங்கிலாந்தில் பெரிய விருந்துகளில் இனிப்புக்குப் பிறகு உப்பாக, சின்னதாக ஒரு பதார்த்தம் தருவது வழக்கம். அதில் ஒன்று பேக்கன் சுற்றிய ஆய்ஸ்டர் (இதுவும் ஒரு வகைக் கடற்சிப்பி), வெண்ணெய் தடவிய டோஸ்ட் துண்டின் மேல். 'ஏஞ்சல்ஸ் ஆன் ஹார்ஸ்பேக்' என்று பெயர். ஆய்ஸ்டருக்குப் பதில் உலர்ந்த பிளம் பழம் வைத்தால் 'டெவில்ஸ் ஆன் ஹார்ஸ்பேக்'. இன்று இங்கிலாந்தில் கிறிஸ்துமஸ் சமயத்தில் இரண்டாவதுதான் அதிகம் கண்ணில் படுகிறது.

ஓடு நீக்கிப் பாட்டிலில் அடைத்து விற்கும் ஆய்ஸ்டர் போதும். நீரை வடித்து, டவலில் ஒற்றி எடுங்கள். இங்கே பேக்கனை மெலிதாக்க ஒரு பழைய உத்தி உண்டு: பலகையில் பட்டையை வைத்து, கத்தியின் முதுகால் ஒரு முனையிலிருந்து மறுமுனைக்கு அழுத்தி இழுங்கள். நீளமும் கூடும், மெல்லிதும் ஆகும். இப்படி இழுத்த பட்டையை 5, 6 நிமிடம் மட்டும் முன்வேகவைத்தால் போதும். ஆய்ஸ்டர் வெந்தால் நன்றாகச் சுருங்கும், அதனால் கொஞ்சம் இறுக்கமாகவே சுற்றலாம்.

ஆய்ஸ்டரில் மட்டும் அரைவேக்காட்டுக்கு இடம் கொடுக்காதீர்கள். விப்ரியோ வல்னிஃபிகஸ் என்ற பாக்டீரியா வெதுவெதுப்பான கடல்நீரில் வளரும் ஆய்ஸ்டரில் இருக்கக்கூடும், கல்லீரல் நோய் உள்ளவர்களுக்கு அது உயிருக்கே ஆபத்து. ஓடு நீக்கிய ஆய்ஸ்டரை ஓவனில் வேகவைப்பதென்றால் 232 டிகிரியில் 10 நிமிடம் என்பது அமெரிக்க நோய்க் கட்டுப்பாட்டு மையத்தின் பரிந்துரை. அந்தச் சூடும் நேரமும் மெல்லிய பேக்கனுக்கும் சரியாகப் பொருந்துவது நம் அதிர்ஷ்டம். இதற்கு மேப்பிள் பூச்சு வேண்டாம், எலுமிச்சையும் ஒரு சொட்டு டபாஸ்கோ மிளகாய் சாஸும் போதும்.

மீனில் செய்ய நினைத்தால் மாங்க்ஃபிஷ் போல வெந்தாலும் உதிராத கெட்டி மீனாக எடுங்கள். காட் மாதிரி மீன்கள் குச்சி குத்தும்போதே பிளந்துவிடும்.

விருந்து நாள் கணக்கு

பின்னால் முழுச் சாப்பாடு இருக்கிறது என்றால் ஆளுக்கு மூன்று துண்டு. இது மட்டும்தான், கூடக் குடிக்க ஏதோ இருக்கிறது என்றால் ஆளுக்கு ஐந்து, ஆறுகூடப் போகும். காலையிலேயே ஸ்காலப்பைச் சுத்தம் செய்து உலர்த்தி ஃபிரிட்ஜில் வைக்கலாம், பூச்சைக் கலந்துவைக்கலாம், இறாலுக்கு மிளகாய், சீஸ் நறுக்கிவைக்கலாம். பேக்கன் வேகவைத்துச் சுற்றும் வேலையை விருந்தினர் வருவதற்கு அரைமணி நேரம் முன் தொடங்குங்கள். முதல் ட்ரே வெளியே வரும்போது இரண்டாவது ட்ரே உள்ளே போகட்டும். மொத்தமாகச் செய்து மேசையில் வைத்தால் ஆறி, பேக்கன் மறுபடியும் தொய்ந்துவிடும்.

வருபவர்களில் யாருக்காவது சிப்பி, இறால் ஒவ்வாமை இருக்கிறதா, பன்றி சாப்பிடாதவர் உண்டா என்று முன்பே கேட்டுவிடுங்கள். சுற்றி மறைத்திருக்கும் உணவில் உள்ளே என்ன என்று பார்த்துத் தெரிந்துகொள்ள முடியாது. குழந்தைகள் இருந்தால் அவர்களுக்குக் கொடுக்கும் துண்டுகளில் குச்சியை நீங்களே உருவிவிட்டுக் கொடுங்கள். சூடு பட்ட பேக்கன் குச்சியைப் பிடித்துக்கொள்ளும், லேசாகத் திருகி இழுத்தால் வந்துவிடும்.

மிச்சமானால் இரண்டு மணி நேரத்துக்குள் ஃபிரிட்ஜில் வைத்து, இரண்டு நாளுக்குள் முடித்துவிடுங்கள். சூடாக்க ஓவனோ ஏர் ஃபிரையரோ, 175 டிகிரியில் 5, 6 நிமிடம். மைக்ரோவேவ் வேண்டாம். சூடாக்கவே வேண்டாம் என்றால் குச்சியை எடுத்துவிட்டுப் பொடியாக நறுக்கி, ஃபிரைடு ரைஸ் இறக்கும் தருவாயில் சேர்க்கலாம்.

கடைசியாக, முதல் தடவை பேக்கன் வேகவைத்த ட்ரேயில் தேங்கியிருக்கும் கொழுப்பு. அதைச் சிங்க்கில் ஊற்றாதீர்கள், குழாயில் உறைந்து அடைத்துக்கொள்ளும். சூடு தணிந்ததும் வடிகட்டி ஒரு கண்ணாடி ஜாடியில் ஊற்றி ஃபிரிட்ஜில் வைத்தால் உருளைக்கிழங்கு வறுக்க, முட்டை பொரிக்க ஆகும். இரண்டாவது ட்ரேயில் வடிந்ததைச் சேர்க்க வேண்டாம். அதில் மேப்பிளும் கடலுணவு நீரும் கலந்திருக்கும், ஜாடி முழுவதும் கெட்டுவிடும்.